முதலில் யார் போவது?

கொடைக்கானலில் ஒரு குகை இருக்கிறது. தூண் பாறைகளுக்கு அருகே, மரவேர்கள் பாம்புபோல் பின்னிக் கிடக்கும் இடம் அது. பாறைகளுக்கு நடுவே ஆழமான பிளவுகள் வாய் பிளந்து நிற்கும். வெள்ளைக்காரர்கள் அந்த இடத்துக்குப் "பிசாசின் சமையலறை" என்று பெயர் வைத்தார்கள். இன்று அதன் பெயர் குணா குகை.

2006-ஆம் ஆண்டு கேரளத்திலிருந்து இளைஞர்கள் சிலர் அங்கே வந்தார்கள். கொச்சிக்கு அருகே உள்ள மஞ்ஞும்மல் என்ற ஊரைச் சேர்ந்தவர்கள். சிரிப்பும் கும்மாளமுமாகக் குகையைச் சுற்றிப் பார்த்தார்கள்.

ஒரு நொடிதான்! அவர்களில் சுபாஷ் என்ற வாலிபர் கால் தவறினார். பாறைப் பிளவுக்குள் விழுந்து மறைந்தார்.

நண்பர்கள் பதறினார்கள். பெயரைச் சொல்லிக் கூவினார்கள். கீழே ஒரே இருட்டு.

"அந்தக் குழிக்குள் விழுந்தவர்கள் யாரும் உயிரோடு திரும்பியதில்லை" என்று அக்கம்பக்கத்தார் கையை விரித்தார்கள். இறங்குவது ஆபத்து என்று அனுபவசாலிகளே தயங்கினார்கள். தயங்கியதில் தவறு சொல்ல முடியாது. ஆழம் தெரியாமல் காலை விடாதே என்பது பழமொழி அல்லவா?

அப்போது நண்பர்களில் ஒருவர் முன்வந்தார். சிஜு டேவிட் என்பது அவர் பெயர். கயிற்றைக் கட்டிக்கொண்டு அந்த இருட்டுக்குள் இறங்கினார். அடியில் கிடந்த நண்பனைக் கண்டுபிடித்தார். மேலே இருந்தவர்கள் கயிற்றை இழுத்தார்கள்.

இரண்டு பேரும் உயிரோடு வந்தார்கள்!

பிறகு சிஜுவுக்கு மத்திய அரசின் ஜீவன் ரக்ஷா பதக்கம் கிடைத்தது. 2024-ஆம் ஆண்டு இந்தக் கதை "மஞ்ஞும்மல் பாய்ஸ்" என்ற மலையாளப் படமாக வந்தது. தமிழ்நாட்டிலும் தியேட்டர்கள் நிறைந்தன. மொழி புரியாதவர்கள்கூடக் கண் கலங்கினார்கள்.

ஏன் கலங்கினார்கள்?

"எனக்கு இப்படி ஒரு நிலை வந்தால், இறங்கி வர ஒரு ஆள் இருக்கிறதா?" என்று ஒவ்வொருவர் மனமும் கேட்டது. அதுதான் காரணம்.

வீட்டுக்குள் ஒரு குழி

குணா குகை என்ற பெயர் ஒரு சினிமாப் படத்தால் வந்தது. 1991-ல் வெளியான "குணா" படத்தில் கமலஹாசன் நடித்தார். யாரோடும் ஒட்டாமல், அன்புக்கு ஏங்கி, மனம் பேதலித்த ஒரு மனிதனின் கதை அது. அந்தப் படத்தை எடுத்த பிறகு குகைக்கு அந்தப் பெயர் நிலைத்துவிட்டது.

ஒரே குகை. இரண்டு கதைகள். ஒன்று, யாரும் புரிந்துகொள்ளாத தனி மனிதனின் கதை. மற்றொன்று, நண்பனைக் கைவிடாத கூட்டாளிகளின் கதை.

இன்று குழிக்குள் விழுந்து கிடப்பவர்கள் கொடைக்கானலில் மட்டும் இல்லை. பட்டணத்து மாடி வீட்டில் இருக்கிறார்கள். கிராமத்து ஓட்டு வீட்டில் இருக்கிறார்கள். பத்துப் பேர் உள்ள வீட்டிலும் இருக்கிறார்கள். அவர்கள் கால் தவறி விழவில்லை. சிறுகச் சிறுக இறங்கிப் போயிருக்கிறார்கள். ஆகையால் விழுந்த சத்தம் யாருக்கும் கேட்கவில்லை.

அந்தக் குழிக்குப் பெயர்தான் தனிமை.

தனியே இருப்பது வேறு, தனிமை வேறு. கொடைக்கானல் மலையில் ஆடு மேய்ப்பவர் பகல் முழுவதும் தனியே இருக்கிறார். அவருக்குக் குறை ஒன்றும் இல்லை. மாலையில் வீடு திரும்பினால், "ஏன் இன்றைக்கு இவ்வளவு நேரம்?" என்று கேட்க ஆள் இருக்கிறது. அந்தக் கேள்வி இருக்கும்வரை அவர் தனி ஆள் இல்லை.

வீடு நிறைய ஆட்கள் இருந்தும், "ஏன் முகம் வாடியிருக்கிறது?" என்று கேட்க ஒருவர் இல்லை என்றால், அதுதான் தனிமை.

உலகமே கவலைப்படுகிறது

"இதெல்லாம் பணக்கார நாட்டு வியாதி. நமக்கு ஏன்?" என்று சிலர் நினைக்கலாம்.

உலக சுகாதார நிறுவனம் 2025-ஆம் ஆண்டு ஜூன் மாதம் ஓர் அறிக்கை வெளியிட்டது. உலகத்தில் 6 பேரில் ஒருவர் தனிமையால் வாடுகிறார் என்று அது சொல்கிறது. தனிமையோடு தொடர்புள்ள சாவுகள் ஆண்டுக்கு 8 லட்சத்து 71 ஆயிரம். அதாவது, மணிக்குச் சுமார் 100 உயிர்கள்!

பணக்கார நாடுகளில் 100-க்கு 11 பேர் தனிமையை உணர்கிறார்கள். ஏழை நாடுகளில் 100-க்கு 24 பேர். இரு மடங்குக்கும் மேல்!

கிழவர்களுக்குத்தான் தனிமை என்பதும் தவறு. 13 வயது முதல் 29 வயது வரை உள்ளவர்களில் 100-க்கு 17 முதல் 21 பேர் தனிமையாக உணர்கிறார்கள். அதிலும் பதின்மூன்று முதல் பத்தொன்பது வயது வரை உள்ளவர்கள்தான் அதிகம்.

தனிமை மனத்தை மட்டும் வாட்டுவதில்லை. உடம்பையும் தின்கிறது. இதய நோய், பக்கவாதம், நீரிழிவு, மறதி ஆகியவை வருவதற்கு அதுவும் துணை போகிறது என்று மருத்துவர்கள் கண்டிருக்கிறார்கள்.

இங்கிலாந்து நாட்டில் 2018-ல் தனிமைப் பிரச்சினையைக் கவனிக்க ஓர் அமைச்சரை நியமித்தார்கள். ஜப்பானும் 2021-ல் அப்படிச் செய்தது.

அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக்கழகம் 1938-ல் ஓர் ஆராய்ச்சியைத் தொடங்கியது. 724 ஆண்களைப் பல்லாண்டு காலம் தொடர்ந்து கவனித்தார்கள். அவர்களில் ஏழைகளும் இருந்தார்கள், வசதியானவர்களும் இருந்தார்கள். முதுமையில் உடல் நலத்தோடும் மகிழ்ச்சியோடும் இருந்தவர்கள் யார்? நெருங்கிய உறவை நல்லபடியாக வைத்துக்கொண்டவர்கள்தான்.

பாட்டி சொன்னால் யாரும் கேட்கவில்லை. அதையே ஆராய்ச்சி செய்து சொல்ல வேண்டி வந்தது!

பாதை வந்தது; பேச்சு போனது

கொடைக்கானல் மலையில் 1845-ல் அமெரிக்கப் பாதிரிமார்கள் முதன் முதலாக வீடு கட்டினார்கள். அப்போது மோட்டார் இல்லை. பெரியகுளம் பக்கத்து அடிவாரத்திலிருந்து நடந்து ஏற வேண்டும். அல்லது குதிரையில் ஏற வேண்டும். முடியாதவர்களை நாற்காலியில் உட்கார வைத்து ஆட்கள் தூக்கிச் செல்வார்கள். 1910-களில்தான் மோட்டார் பாதை வந்தது.

இன்று வத்தலக்குண்டில் பஸ் ஏறினால் சில மணி நேரத்தில் மலை உச்சி. பழனியிலிருந்து இன்னொரு பாதை. ஊருக்கும் ஊருக்கும் உள்ள தூரம் சுருங்கிவிட்டது.

மனத்துக்கும் மனத்துக்கும் உள்ள தூரம் சுருங்கியதா?

ஒரு குடும்பம் கோடை விடுமுறைக்குக் கொடைக்கானல் வருகிறது. அப்பா, அம்மா, மகன், மகள். கோக்கர்ஸ் நடைபாதையில் நிற்கிறார்கள். கீழே பள்ளத்தாக்கு. மேகம் காலடியில் தவழ்கிறது.

நாலு பேர் கையிலும் நாலு செல்போன். "சிரியுங்கள்" என்று ஒருவர் சொல்கிறார். நாலு பேரும் சிரிக்கிறார்கள். படம் எடுத்ததும் சிரிப்பு மறைகிறது. நாலு தலைகளும் குனிகின்றன. படத்தை ஊருக்கெல்லாம் அனுப்புகிறார்கள். நூறு பேர் பார்த்துப் பாராட்டுகிறார்கள். பக்கத்தில் நிற்கும் மகளுக்கு ஏன் கண் சிவந்திருக்கிறது என்று ஒருவரும் பார்க்கவில்லை.

செல்போன் மேல் பழி போட்டுவிட்டு ஒதுங்க முடியாது. ஆயிரம் மைலுக்கு அப்பால் உள்ள மகனின் முகத்தைத் தாய்க்குக் காட்டுவதும் அந்தச் செல்போன்தான். கத்தி காயும் நறுக்கும், கையையும் நறுக்கும். பிடிக்கிற விதத்தில் இருக்கிறது.

ஒரு நிமிடப் பேச்சு

பூம்பாறை, மன்னவனூர் போன்ற மலைக் கிராமங்களில் பூண்டு விளைகிறது. கொடைக்கானல் மலைப்பூண்டுக்கு 2019-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. பெயர் உலகம் எங்கும் பரவியது. ஆனால் மலைக் கிராமங்களில் பிறக்கிற பிள்ளைகள் எல்லாரும் மண்ணை நம்பி இருந்துவிட முடிகிறதா? படிப்புக்கும் பிழைப்புக்கும் கீழே இறங்கத்தான் வேண்டியிருக்கிறது. திருப்பூர், கோயமுத்தூர், சென்னை, பெங்களூர் என்று போகிறார்கள்.

போவது குற்றம் இல்லை. பிழைப்புக்குப் போகாவிட்டால் அடுப்பு எரியாது.

அப்படிப் போன ஒரு மகன் ஞாயிற்றுக்கிழமை தாயோடு போனில் பேசுவதைக் கேளுங்கள்.

"அம்மா, பணம் வந்துச்சா?"

"வந்துச்சுப்பா."

"மாத்திரை போட்டியா?"

"போட்டேன்."

"சரிம்மா. வேலை இருக்கு. வைக்கட்டுமா?"

"வை சாமி."

ஒரு நிமிடம். பேச்சு முடிந்தது.

அந்தத் தாய் சொல்லாமல் விட்டது என்ன? முந்தாநாள் கொல்லையில் வழுக்கி விழுந்ததைச் சொல்லவில்லை. ஓர் ஆளுக்குச் சமைக்க மனம் வராமல், ஒருநாள் ஆக்கிய சோற்றை இரண்டு நாள் வைத்துச் சாப்பிடுவதைச் சொல்லவில்லை. சாயங்காலம் ஆனால் வாசலில் உட்கார்ந்து, கடைசி பஸ் போகும்வரை பாதையைப் பார்ப்பதைச் சொல்லவில்லை.

"சொன்னால் பிள்ளை கவலைப்படுவான்" என்று அவள் சொல்லவில்லை. "அம்மா சொல்லவில்லையே, ஆகையால் நன்றாக இருக்கிறாள்" என்று அவன் நினைக்கிறான். இரண்டு பேருக்கும் அன்பு இருக்கிறது. ஆனால் அந்த அன்பு இரண்டு பக்கமும் பூட்டிக் கிடக்கிறது.

பெற்றோரைக் காப்பாற்றாத பிள்ளைகளைக் கேட்க 2007-ல் மத்திய அரசு சட்டம் செய்தது. மாதம் 10 ஆயிரம் ரூபாய்வரை ஜீவனாம்சம் வாங்கித் தர அந்தச் சட்டத்தில் இடம் இருந்தது. நல்ல சட்டம். எத்தனையோ முதியவர்கள் அதனால் பிழைத்திருக்கிறார்கள்.

ஆனால், "வாரம் ஒருநாள் தாயின் பக்கத்தில் உட்கார்ந்து பேசு" என்று எந்தச் சட்டம் உத்தரவு போட முடியும்? பணத்தைக் கோர்ட்டில் வாங்கலாம். பாசத்தை வாங்க முடியாது.

விடுதிப் பிள்ளைகள்

தூரம் பெரியவர்களை மட்டும் வாட்டுவதில்லை.

கொடைக்கானல், விடுதிப் பள்ளிக்கூடங்களுக்குப் பெயர் பெற்ற ஊர். 1901-லேயே அங்கே வெள்ளைக்காரப் பாதிரிமார்களின் பிள்ளைகளுக்காக ஒரு பள்ளிக்கூடம் தொடங்கினார்கள். பெற்றோர் வெயில் கொளுத்தும் சமவெளியில் வேலை செய்தார்கள். பிள்ளைகள் மலையில் படித்தார்கள். கடிதம் வந்தால்தான் செய்தி.

இன்றும் வெளியூர்ப் பிள்ளைகள் பலர் அங்கே தங்கிப் படிக்கிறார்கள். நல்ல படிப்பு, நல்ல காற்று, நல்ல ஒழுக்கம் கிடைக்கட்டும் என்றுதான் பெற்றோர் சேர்க்கிறார்கள். அதில் தவறு இல்லை.

ஆனால் பேச வாய்ப்புக் கிடைக்கும்போது பெற்றோர் என்ன கேட்கிறார்கள்?

"எத்தனை மார்க்? முதல் மார்க் யார்? நீ ஏன் வாங்கவில்லை?"

அந்தப் பையனை வகுப்பில் யாரோ கேலி செய்திருக்கலாம். இரவில் போர்வைக்குள் அவன் அழுதிருக்கலாம். அதைச் சொல்ல வாய் எடுத்தால் மார்க் கணக்கு வந்து வாயை அடைக்கிறது. பிறகு அவன் சொல்வதை நிறுத்திவிடுகிறான். பத்து ஆண்டுகள் கழித்து, "பெற்ற பிள்ளை ஒட்டவே இல்லையே!" என்று பெற்றோர் வருந்துகிறார்கள்.

விடுதியில் இருக்கும் பிள்ளைக்கு மட்டும் இந்தக் கதி என்று எண்ண வேண்டாம். வீட்டில் இருந்து படிக்கும் பிள்ளைக்கும் இதே கதைதான்.

சூரியனைப் பார்ப்பவர்கள்

கொடைக்கானலில் ஒரு வானாராய்ச்சி நிலையம் இருக்கிறது. அது 1899-ல் ஏற்பட்டது. 1901 முதல் அங்கே சூரியனை ஆராய்கிறார்கள். மேகம் மறைக்காத நாளில் எல்லாம் சூரியனைப் படம் பிடித்து வைக்கிறார்கள். நூறு ஆண்டுகளுக்கு மேலாக இது நடக்கிறது.

தினம் பார்க்கிற சூரியன்தானே? அதில் என்ன புதுமை என்று அவர்கள் விட்டுவிடவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தார்கள். 1909-ல் எவர்ஷெட் என்ற விஞ்ஞானி ஒரு புதுமையைக் கண்டுபிடித்தார். சூரியனில் தெரியும் கரும்புள்ளிகளில் வாயு நடுவிலிருந்து வெளிப்பக்கமாகப் பாய்கிறது என்று சொன்னார். இன்றும் உலகம் அதை அவர் பெயரால் "எவர்ஷெட் விளைவு" என்று அழைக்கிறது.

ஒன்பது கோடி மைலுக்கு அப்பால் இருக்கிற சூரியனின் முகத்தில் உள்ள சிறு புள்ளி தெரிகிறது. ஏன் தெரிகிறது? விடாமல் பார்த்ததால் தெரிகிறது.

ஒன்பது அடிக்கு அப்பால் உட்கார்ந்திருக்கும் அப்பாவின் முகம் தெரிகிறதா?

முன்பு மூன்று இட்லி சாப்பிட்டவர் இப்போது ஒன்றோடு எழுந்துவிடுகிறார். முன்பு வாய் ஓயாமல் பேசிய மருமகள் இப்போது கேட்டதற்கு மட்டும் பதில் சொல்கிறாள். முன்பு பந்து விளையாடப் போன பையன் இப்போது கதவைச் சாத்திக்கொள்கிறான். இவைதாம் கரும்புள்ளிகள். தினம் பார்ப்பவர்களுக்கே தெரியும். பார்க்கத் தொலைநோக்கிக் கண்ணாடி வேண்டாம். ஐந்து நிமிடம் நிமிர்ந்து பார்த்தால் போதும்.

பழனி மலைக்குப் போனது யார்?

பார்த்தாகிவிட்டது. மனத்தாங்கல் இருப்பது தெரிகிறது. பிறகு என்ன?

இங்கேதான் பெரிய சிக்கல் வருகிறது. முதலில் யார் போவது?

"அவன் வந்து பேசட்டும்" என்கிறார் அப்பா. "அவர் கூப்பிடட்டும்" என்கிறான் மகன். "பெரியவள் நான், நானா போவது?" என்கிறாள் அக்காள். "பேச்சை நிறுத்தியது அவள்தானே?" என்கிறாள் தங்கை. கணவனுக்கும் மனைவிக்கும் நடுவே ஒரு கட்டில் தூரம்தான். அந்தத் தூரத்தைக் கடக்க ரோஷம் விடுவதில்லை. நாள் போகிறது. மாதம் போகிறது. ஆண்டும் போகிறது. தானாடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள். சதை ஆடுகிறது, கால்தான் அசைவதில்லை!

கொடைக்கானலுக்குக் கீழே பழனி இருக்கிறது. அந்த ஊர்க் கதை எல்லாருக்கும் தெரியும். நாரதர் ஒரு மாம்பழம் கொண்டுவந்தார். உலகத்தை முதலில் சுற்றி வருகிறவருக்குப் பழம் என்றார்கள். முருகன் மயிலில் ஏறிப் பறந்தான். விநாயகர் தாய் தந்தையைச் சுற்றி வந்து பழத்தைப் பெற்றார். முருகனுக்குக் கோபம் வந்தது. கோவணத்தோடு மலை ஏறி நின்றுவிட்டான்.

1965-ல் வந்த "திருவிளையாடல்" படத்தில் அவ்வையாராக நடித்த கே.பி.சுந்தராம்பாள், கோபித்துச் சென்ற முருகனைப் பாடி அழைக்கும் காட்சியைத் தமிழ்நாடு மறக்கவில்லை.

அந்தக் கதையில் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. "கோபித்துப் போனவன் தானே வரட்டும்" என்று சிவபெருமான் உட்கார்ந்திருக்கவில்லை. "சின்னப் பயலுக்கு இவ்வளவு ரோஷமா?" என்று பார்வதி அம்மன் ஏசவில்லை. உலகத்துக்கே தாயும் தந்தையுமானவர்கள் பிள்ளையைத் தேடி மலைக்குப் போனார்கள். "பழம் நீயே" என்று சமாதானம் சொன்னார்கள். அதனால்தான் பழனி என்ற பெயர் வந்தது என்பது ஐதீகம்.

யார் பெரியவர்? முதலில் போகிறவரே பெரியவர்!

இன்னொன்றையும் எண்ணிப் பார்க்க வேண்டும். அம்மையும் அப்பனும் போய் அழைத்த பிறகும் முருகன் கைலாசத்துக்குத் திரும்பிவிடவில்லை. மலையிலேயே நின்றுவிட்டான். அப்படியானால், போனது வீணா?

வீண் இல்லை. கோபம் தணிந்தது. உறவு அறுந்து போகவில்லை. அவன் தனி வீடு கொண்டான், அவ்வளவுதான்.

குடும்பத்திலும் இப்படித்தான். போய்ப் பேசினால் உடனே எல்லாம் சரியாகிவிடாது. மகன் மீண்டும் ஒரே வீட்டுக்கு வராமல் போகலாம். தங்கை உடனே சிரிக்காமல் போகலாம். கதவைத் திறக்காமலும் இருக்கலாம். ஆனால், "என்னைத் தேடி வந்தார்கள்" என்ற எண்ணம் அவர்கள் மனத்தில் விழுந்துவிடும். குழிக்குள் இருப்பவனுக்குக் கயிறு எட்டிவிட்டது என்று அதற்குப் பொருள்.

ஒரு விஷயத்தில் எச்சரிக்கை வேண்டும். அடித்துத் துன்புறுத்துகிறவரிடம் திரும்பிப் போய்ப் பணிய வேண்டும் என்று இதற்கு அர்த்தம் அல்ல. அங்கே விலகி நிற்பதே அறிவு. ரோஷத்தால் வந்த தூரத்தைத்தான் நடந்து கடக்க வேண்டும்.

கேட்கத் தெரிய வேண்டும்

போய் என்ன பேசுவது என்று பலருக்குத் தெரிவதில்லை. நீண்ட பேச்சுத் தேவையில்லை. புத்திமதி வேண்டவே வேண்டாம். குழிக்குள் விழுந்து கிடப்பவனிடம், "பார்த்து நடந்திருக்கக் கூடாதா?" என்று மேலே நின்றுகொண்டு சொன்னால் என்ன பயன்?

மலைக் கிராமத்துத் தாயிடம் அந்த மகன் வேறு விதமாகக் கேட்டிருக்கலாம்.

"அம்மா, இன்னிக்கு என்ன ஆக்குனே?"

"என்னத்தப்பா ஆக்குறது? நேத்து ரசம் கிடக்கு."

"ஏம்மா, உடம்புக்கு முடியலையா?"

இவ்வளவுதான். அந்த ஒரு கேள்வியில் பூட்டுத் திறந்துவிடும். வழுக்கி விழுந்த செய்தி வரும். கால் வீக்கம் தெரியும். அடுத்த வாரம் அவன் பஸ் ஏறுவான்.

பழனிக்குத் தைப்பூசத்துக்குப் பாதயாத்திரை போகிறவர்களைப் பாருங்கள். செட்டிநாட்டிலிருந்து நாட்கணக்கில் நடந்து வருகிறார்கள். முன்பின் தெரியாதவர்கள் பக்கத்தில் பக்கத்தில் நடப்பார்கள். ஒருவர் காலில் கொப்புளம் என்றால் இன்னொருவர் மருந்து போடுவார். வழியில் உள்ள ஊர்க்காரர்கள் தண்ணீரும் சோறும் தருவார்கள். மலை அடிவாரம் வந்ததும் சுமார் 690 படிகள். முடியாத கிழவிக்குப் பின்னால் வரும் வாலிபன் கை கொடுப்பான்.

ஊர் பேர் தெரியாத கிழவிக்குக் கை கொடுத்தவன், வீடு திரும்பியதும் தன் பாட்டியின் பக்கத்தில் உட்காரக் கூடாதா?

ஊரார் செய்ய வேண்டியதும் உண்டு. பக்கத்து வீட்டில் தனியே இருக்கும் முதியவரின் கதவு காலையில் திறந்ததா என்று பார்க்கலாம். பண்டிகை நாளில் ஒரு கிண்ணம் பாயசம் கொடுத்து அனுப்பலாம். பள்ளிக்கூடப் பிள்ளையிடம் அவருக்குப் பேப்பர் படித்துக் காட்டச் சொல்லலாம். செலவு இல்லை. பிள்ளைக்குப் படிப்பு வரும். பெரியவருக்குத் துணை கிடைக்கும்.

மனம் தாங்க முடியாத அளவுக்குத் துயரம் என்றால் மறைத்து வைக்கக் கூடாது. காய்ச்சலுக்கு மருத்துவரிடம் போவது போல மனத்துக்கும் போக வேண்டும். 2022-ல் மத்திய அரசு "டெலி மானஸ்" என்ற இலவச உதவியைத் தொடங்கியது. 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் தமிழிலேயே பேசலாம். முதியோருக்கு உதவ 14567 என்ற எண் இருக்கிறது. கூப்பிடுவதில் அவமானம் இல்லை. சுபாஷ் குழிக்குள் கிடந்து குரல் கொடுத்தது அவமானமா?

பன்னிரண்டு ஆண்டு வேண்டாம்

கொடைக்கானல் மலையில் குறிஞ்சி பூக்கிறது. 12 ஆண்டுக்கு ஒருமுறைதான் பூக்கும். 2006-ல் பூத்தது. 2018-ல் பூத்தது. அடுத்து 2030-ல் பூக்கும். பூத்தால் மலைச்சரிவு முழுவதும் நீலம் போர்த்தியது போல் இருக்கும். அதைப் பார்க்க ஊரே திரண்டு போகும்.

பூவுக்கு அது அழகு. உறவுக்கு அது அழகல்ல. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை கல்யாண வீட்டிலும் சாவு வீட்டிலும் பார்த்துக்கொள்வது உறவாகாது. சில பேரிடம் பன்னிரண்டு ஆண்டு மிச்சம் இருப்பதும் இல்லை. பேசாமல் விட்ட பேச்சைச் சாம்பலிடம் பேசி என்ன செய்வது?

குணா குகைக்கு மேலே நின்று எல்லாரும் கூவினார்கள். கூவியது அன்புதான். ஆனால் உயிரைக் காப்பாற்றியது இறங்கிய கால்கள். மேலே கயிற்றை இழுத்த கைகள்.

இன்று ஞாயிற்றுக்கிழமை. பேசாமல் விட்ட ஒரு முகம் எல்லாருடைய நினைவிலும் இருக்கும். அந்த வீடு அடுத்த தெருவில் இருக்கலாம். அடுத்த அறையிலும் இருக்கலாம்.

அவர் வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். பேப்பரை மடித்து வைத்துவிட்டு எழுந்து போகலாம்.